ஊமைப்படம்தானே என்கிறவர்களுக்கு

"ஊமைப்படம் தானுங்களே, போனாப் போகட்டும் உடுங்க" என்றார், ரேஸ்கோர்ஸில் என்னோடு நடக்கிற நண்பர். எனக்குச் சுருக்கென்றது. அவருக்கு அங்கேயே சொன்ன பதிலைத்தான் இங்கே எழுதுகிறேன்.

1929-ல் வந்த 'எ த்ரோ ஆஃப் டைஸ்' படத்தை சமீபத்தில் பார்த்தேன். ஹிமான்சு ராய் தயாரிப்பு. பிரான்ஸ் ஆஸ்டன் என்ற ஜெர்மானியர் இயக்கியது. நம்ம பக்கத்து ஆளுக்குக் கதையை விளக்கவே வேண்டாம், அசல் பங்காளிப் பகை. இரண்டு ராஜாக்கள். புலி வேட்டைக்குப் போன காட்டில் சோஹத், ரஞ்சித்தைத் தீர்த்துக்கட்டப் பார்க்கிறான். அம்பு பட்டவன் துறவி ஒருவரின் குடிலில் பிழைக்கிறான். அவர் மகள் சுனிதாமேல் ஆசை வைக்கிறான். அவள்மேல் சோஹத்துக்கும் கண். அப்புறம் கள்ளப் பகடை, நாடே போகிறது. ஒரு வார்த்தை பேசாமலே அத்தனையும் புரிகிறது. வரப்புத் தகராறுக்காகக் கோர்ட்டுப் படி ஏறியவர்களுக்கு இன்னும் நன்றாகவே புரியும்!

அந்தக் காலத்து நைட்ரேட் பிலிம் தானாகவே கெட்டுப்போகும், யார் என்ன செய்ய முடியும் என்று கேட்பார்கள். இதுவும் அதே காலத்துப் படம்தானுங்களே? லண்டனில் பிரிட்டிஷ் பிலிம் இன்ஸ்டிட்யூட் அதைப் பத்திரமாக வைத்திருந்தது. 2006-ல் சீர்செய்து, மறுவருஷம் நிதின் சாஹ்னியின் இசையோடு டிரஃபால்கர் சதுக்கத்தில் திரையிட்டது.

சென்னையில் நடராஜ முதலியார் எடுத்த 'கீசக வதம்', தென்னாட்டின் முதல் ஊமைப்படம். அதுவும் மகாபாரதக் கதைதான். இன்று அதில் ஒரு அடி பிலிம்கூட இல்லை. பிலிமின்மேல் மட்டும் பழியைப் போட்டால் எப்படி? வைத்துக் காக்க நமக்கு ஆள் இல்லை, அக்கறையும் இல்லை.

1905-ல் ரயில்வே வேலையை விட்டுப் படப்பெட்டியோடு ஊர் ஊராகக் கூடாரம் போட்டவர் சாமிக்கண்ணு வின்சென்ட். 1914-ல் வெரைட்டி ஹால் கட்டியதும் நம் கோவையில்தான். அதன்பின் சென்ட்ரல் ஸ்டுடியோ, பட்சிராஜா. மேடை கிடைத்தால் இந்தப் பெயர்களைச் சொல்லி மார் தட்டுகிறோம். மில் முதலாளிகளும் காலேஜ்களும் நிறைந்த ஊர் இது. பழைய பிலிமைக் கெடாமல் வைக்கக் குளிரூட்டிய அறை ஒன்று கட்ட இங்கே பணமா இல்லை?

சினிமா நோட்டீஸ், பாட்டுப் புஸ்தகம், பிலிம் டப்பா ஏதாவது உங்கள் அட்டாலியில் கிடந்தால், தயவுசெய்து பழைய பேப்பர்காரருக்குப் போடாதீர்கள்.