தீர்ப்பு கையில், சம்பளம் எங்கே?

"கோர்ட்டில் ஜெயித்துவிட்டோம்" என்று சொன்னால் மளிகைக் கடைக்காரர் பற்றுக் கணக்கைக் கிழித்துப் போட்டுவிடுவாரா? தீர்ப்பு நகலைக் காட்டினால் பிள்ளைக்குப் பள்ளிக்கூடச் சம்பளம் வேண்டாம் என்பார்களா? வழக்கில் வென்றும் வயிறு காய்வது நம் நாட்டில் அரசு ஊழியர் காணும் விந்தை.

மேற்கு வங்கத்தைப் பாருங்கள். பஞ்சப்படி ஊழியரின் சட்டபூர்வமான உரிமை என்று கல்கத்தா உயர்நீதிமன்றம் 2018 ஆகஸ்டில் சொன்னது. நிலுவையை 3 மாதத்திற்குள் கொடுக்க 2022 மே 20-ல் உத்தரவிட்டது. கெடு முடிந்தது, பணம் வரவில்லை. ஊழியர் சங்கங்கள் நீதிமன்ற அவமதிப்பு மனுத் தொடுத்தன. அரசோ மறுபரிசீலனை மனுப் போட்டது. அது தள்ளுபடியானதும் உச்சநீதிமன்றத்துக்குப் போயிற்று. அங்கே வாய்தாமேல் வாய்தா. நிலுவையில் 25 சதவீதத்தையாவது முதலில் கொடுங்கள் என்று உச்சநீதிமன்றம் 2025 மே 16-ல் சொன்னது. அந்தக் கெடுவும் தாண்டியது. இன்னும் 6 மாதம் வேண்டும் என்றது அரசு. இதற்குள் ஓய்வு பெற்றவர் எத்தனை பேர், கண்ணை மூடியவர் எத்தனை பேர்!

இது குமாஸ்தாக்களின் கதைதானே என்று எண்ணவேண்டாம். தீர்ப்புச் சொல்லும் நீதிபதிகளுக்கே இந்தக் கதி நேர்ந்தது. கீழ்க்கோர்ட்டு நீதிபதிகளுக்கு 2016 ஜனவரி 1 முதல் சேரவேண்டிய ஊதிய நிலுவைக்கு, 2022 ஜூலையில் உச்சநீதிமன்றம் தவணை வகுத்தது. 2024 ஜனவரியில் படிகள் பற்றியும் உத்தரவிட்டது. பல மாநிலங்கள் அசையவில்லை. 2024 ஆகஸ்டில் தலைமைச் செயலாளர்களை நேரில் வந்து நிற்கச் சொன்ன பிறகுதான் கோப்புகள் நகர்ந்தன. அழைக்கப்பட்ட மாநிலங்களில் மேற்கு வங்கமும் இருந்தது. நமது தமிழ்நாடும் இருந்தது.

எங்கிருந்து வருகிறது இந்தத் துணிச்சல்? 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் விதிக்கும் உச்சத் தண்டனை 6 மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். மன்னிப்புக் கேட்டால் அதுவும் தள்ளுபடியாகலாம். கோடிக்கணக்கான நிலுவையை ஓராண்டு தள்ளிப்போட்டால் கஜானாவுக்கு லாபம்; வட்டிக்கடையில் நகை வைத்த ஊழியனுக்கு நஷ்டம்.

கஜானா காலி என்கிறார்கள். இருக்கலாம். அப்படியானால் கெடுவுக்கு முன்பே கோர்ட்டில் சொல்லித் தவணை கேட்பதுதானே நியாயம்? கெடு முடிந்தபின் கை விரிப்பது நியாயமா?

தாமதிப்பவன் தாமதத்துக்கு விலை கொடுக்கவேண்டும் என்கிறோம். 2020-ல் ஆந்திர அரசு நிறுத்திவைத்த சம்பளத்துக்கு 6 சதவீத வட்டி தரவேண்டும் என்று 2021 பிப்ரவரியில் உச்சநீதிமன்றமே சொல்லியிருக்கிறது. கெடு தாண்டிய ஒவ்வொரு நிலுவைக்கும் அந்த நீதி வேண்டும். பணம் பட்டுவாடா செய்யவேண்டிய அதிகாரி யார் என்பதும் உத்தரவிலேயே இருக்கவேண்டும்.

ரயில்வேயிலும் துறைமுகத்திலும் நகரசபையிலும் உழைக்கும் நம்மவருக்கும் ஒரு கடமை உண்டு. உத்தரவு மீறப்பட்ட நாளிலிருந்து ஓராண்டுக்குள் அவமதிப்பு மனுப் போடவேண்டும்; பிந்தினால் வழி அடைபடும். "மேல்முறையீடு செய்திருக்கிறோம்" என்று ஆபீசில் சொன்னால் நம்பித் திரும்பிவிடாதீர்கள். மேல்முறையீடு வேறு, தடையுத்தரவு வேறு; தடை இல்லாதவரை தீர்ப்புச் செல்லும். தீர்ப்பு நகலையும் சம்பளச் சீட்டுகளையும் பத்திரப்படுத்துங்கள். கெடு முடியும் தேதியைக் காலண்டரில் குறித்து வையுங்கள். மறுநாளே சங்கத்தோடு சேர்ந்து போய்க் கேளுங்கள். பிழைக்க வந்த ஊர், பாஷை புரியாத ஊர், நமக்கேன் வம்பு என்று ஒதுங்கவேண்டாம். உழைத்த கூலியைக் கேட்க எந்த ஊரிலும் கைகட்டி நிற்கவேண்டியதில்லை.