சிரிக்க வருகிறவரும் நம் கடைவீதியும்

கேமராவோடு யார் வந்தாலும் கடைவீதிக்குள் விடக்கூடாது என்று நம்மில் சிலர் பேசி வருகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை.

ரோமேஷ் ரங்கநாதன் என்ற சிரிப்பு நடிகரைப் பலருக்குத் தெரிந்திருக்காது. பெற்றோர் இலங்கைத் தமிழர். 1978-ல் இங்கிலாந்தில் கிராலி என்னும் ஊரில் பிறந்து, கணக்கு வாத்தியாராக வேலை பார்த்து, பிறகு மேடைக்குப் போனவர். 2015-ல் பி.பி.சி.யில் 'ஏசியன் ப்ரோவகேட்டர்' என்ற தொடருக்காக இலங்கை சென்றார். பூர்வீகம் எதுவும் அறியாத பிள்ளை என்பது தாயாரின் குறை. 2018-ல் தொடங்கிய அடுத்த தொடரில் ஹெய்ட்டி, எத்தியோப்பியா, அல்பேனியா என்று சுற்றுலாப் பயணிகள் அதிகம் எட்டிப் பார்க்காத நாடுகளுக்குப் போனார். அதற்கு 2020-ல் பாப்டா விருதும் கிடைத்தது.

பேரன் கைபேசியில் சில பகுதிகளைக் காட்டினான். ஆங்கிலம் எனக்குப் பாதிதான் புரிந்தது. ஆனால் அந்த மனிதர் யாரைப் பார்த்துச் சிரிக்க வைக்கிறார் என்பது முழுக்கப் புரிந்தது. தன்னைப் பார்த்துத்தான்! பயப்படுகிறவர் அவர், விழிப்பவர் அவர். உள்ளூர்க்காரர் ஒருவர் வழிகாட்டியாகக் கூடவே வருகிறார். விவரம் தெரிந்தவர் என்ற மரியாதை அவருக்கு.

நம் ஊரில் நடந்தது வேறு. விலை சரிந்து தக்காளியைச் சாலையோரம் கொட்டிய ஒரு நாளில், படம் பிடிக்க வந்த ஒரு பையன், கூடை சுமந்து வந்த அம்மாள் வழுக்கி விழுந்ததை எடுத்து, சிரிப்புச் சத்தம் சேர்த்துப் போட்டுவிட்டான். உழவு, நாற்று, மருந்து, பறிகூலி, வண்டி வாடகை எல்லாம் கைவிட்டுப் போன நாள் அது. அந்த அம்மாள் ஒரு வாரம் மார்க்கெட் பக்கமே வரவில்லை. கோபம் நியாயமானதே.

அதற்காகக் கதவைச் சாத்தினால் நஷ்டம் யாருக்கு? 2023 ஜூலையில் கிலோ நூறு ரூபாயைத் தாண்டியபோது, வியாபாரிதான் பதுக்கினான் என்று ஊரெல்லாம் பேசியது. இராத்திரி வரும் சரக்கு, விடியுமுன் ஏலம், கழிவு, லாரியில் நசுங்குவது, இதையெல்லாம் யார் காட்டினார்கள்? வேடிக்கையாகக் காட்டினால்தான் ஜனங்கள் பார்க்கிறார்கள் என்றால் வேடிக்கையாகவே காட்டட்டுமே. "இன்று ரொக்கம் நாளை கடன்" என்று பலகை மாட்டிவிட்டு, அதன் கீழேயே கடன் நோட்டு வைத்திருக்கும் நம்மைப் பார்த்துச் சிரிக்காமல் என்ன செய்வார்கள்? நான்கூடச் சிரிப்பேன்.

ஆகவே சங்கத்திற்கு என் யோசனை இது. படம் எடுக்க வருகிறவர் முதலில் கடைக்காரரிடமும், சுமை தூக்குபவரிடமும், கூடைக்காரரிடமும் தனித்தனியே கேட்க வேண்டும். வேண்டாம் என்றால் விட்டுவிட வேண்டும். பாலக்கோடு என்று ஊர்ப் பெயரைச் சொல்ல வேண்டும். ஏலம் தெரிந்த நம் ஆள் ஒருவர் கூடவே நிற்க வேண்டும். முடிந்தால் வந்தவர் தலையிலும் ஒரு கூடையை ஏற்றி நூறடி நடக்க விடுங்கள். படத்துக்கு வேண்டிய சிரிப்பு அதிலேயே கிடைத்துவிடும். அடுத்த மாதக் கூட்டத்தில் இதைத் தீர்மானமாகக் கொண்டுவர இருக்கிறேன். மறுப்பவர்கள் நேரில் வந்து பேசலாம்.