தனிப் பானையும் தனித் துறையும்

காட்டுமன்னார்கோவில் பள்ளியில் ஒரு காலத்தில் தண்ணீர்ப் பானை இரண்டு இருந்தன. ஊர்ப் பிள்ளைகளுக்கு ஒன்று, சேரிப் பிள்ளைகளுக்கு ஒன்று. சாதிப் பேர் எழுதிய அந்தப் பானையைப் போட்டு உடைத்த மாணவர்தான் பின்னாளில் நாடாளுமன்றம் சென்று, 1969இல் தீண்டாமை குறித்த அறிக்கையை ஒன்றிய அரசிடம் அளித்த எல். இளையபெருமாள். 2025 ஜூலையில் சிதம்பரத்தில் அவருக்கு நூற்றாண்டு அரங்கம் திறந்தார்கள். திறக்கட்டும். ஆனால் அவர் உடைத்த பானையை அரசே வேறு பெயரில் வைத்துக்கொண்டிருக்கிறது.

அதே சிதம்பரத்தில் 1916இல் சுவாமி சகஜானந்தர் நந்தனார் பள்ளியைத் தொடங்கினார். மற்றப் பள்ளிகளின் படி ஏறவே இந்தப் பிள்ளைகள் தயங்கிய காலம் அது. அன்று தனிப் பள்ளி என்பது ஒரு கலகம். நூறாண்டுக்குப் பிறகும் அந்தப் பள்ளி ஆதிதிராவிடர் நலத் துறையின் கீழேதான் இருக்கிறது. இப்படித் தமிழ்நாட்டில் 1,100க்கும் மேற்பட்ட ஆதிதிராவிடர் நலப் பள்ளிகள், 300க்கும் மேற்பட்ட பழங்குடியினர் உண்டு உறைவிடப் பள்ளிகள். 2025-26 நிதிநிலை அறிக்கை பள்ளிக்கல்வித் துறைக்கு ஒதுக்கிய 46,767 கோடி ரூபாய்க்கு வெளியே, தனிக் கணக்கில், தனிக் கோப்பில் இவை ஓடுகின்றன. மேற்பார்ப்பவர்களோ பெரும்பாலும் வருவாய்த் துறையிலிருந்து வந்தவர்கள். மனைக்கு நிலம் எடுப்பது, பட்டா கொடுப்பது, விடுதிக்கு அரிசி வந்ததா என்று பார்ப்பது, இவற்றுக்கிடையில் ஒரு பள்ளி. படித்து முடித்த பிள்ளையின் மாற்றுச் சான்றிதழிலோ பள்ளியின் பெயரே சாதியைச் சொல்லிவிடும். யாரும் கேட்கக்கூட வேண்டாம்.

அமெரிக்காவில் அந்தந்த வட்டாரத்தின் சொத்து வரிதான் பள்ளிச் செலவில் கணிசமான பங்கைத் தாங்குகிறது. அதனால் பணக்காரத் தெருவுக்கு வளமான பள்ளி, ஏழைக் கறுப்பினத் தெருவுக்கு நலிந்த பள்ளி. நம்மிடம் அந்தச் சாக்கும் கிடையாது. கஜானா ஒன்றுதான். பிரித்தது நாமேதான்.

2023 மார்ச் நிதிநிலை அறிக்கையில், எல்லாத் துறைப் பள்ளிகளும் பள்ளிக்கல்வித் துறையின் கீழ் வரும் என்று அரசு அறிவித்தது. நாங்குநேரியில் பட்டியல் சாதி மாணவர் ஒருவரைச் சக மாணவர்கள் வெட்டிய வன்கொடுமைக்குப் பின் அமைக்கப்பட்ட நீதிபதி கே. சந்துரு குழுவும் 2024இல் அதையே பரிந்துரைத்தது. ஆனாலும் காரியம் நகரவில்லை. 2025இல் விடுதிகளுக்குச் ‘சமூகநீதி விடுதி’ என்று பெயர் வைத்தார்கள். பலகை மாற்றுவது எப்போதுமே சுலபம்.

இணைப்பை எதிர்த்தவர்களில் தலித் அமைப்பினரும் உண்டு. அவர்கள் அச்சம் வீண் அச்சமல்ல. நிலம், பணியிடம், பட்டியல் சாதியினருக்கென ஒதுக்கும் உட்கூறுத் திட்ட நிதி எல்லாம் பெரிய துறையில் கரைந்துபோகும் என்கிறார்கள்; கரைந்துபோன வரலாறு உண்டு. ஆனால் இன்னொரு பக்கத்தையும் பார்க்க வேண்டும். பட்டியல் சாதியினருக்குக் கூடுதலாகச் செலவிட வேண்டிய நிதியே பள்ளி நடத்தும் அன்றாடச் செலவுக்குப் போகிறது என்பது பழைய குற்றச்சாட்டு. மற்றப் பிள்ளைக்குப் பொதுப் பணத்தில் ஆசிரியர், இந்தப் பிள்ளைக்கு மட்டும் சிறப்பு நிதியில் ஆசிரியரா? இது சலுகை அல்ல, பிடித்தம். அந்த நிதியைக் காக்க 2024இல் தனிச் சட்டமே வந்தாயிற்று. அந்தச் சட்டத்தின் பாதுகாப்போடு பள்ளிகளை இணைப்பதே நேர்மை. இணைக்காமல் இழுத்தடிப்பது அரசு செய்யும் தீண்டாமை. மென்மையான சொல் தேடினோம், கிடைக்கவில்லை.

ஒன்றிய அரசு 2,152 கோடி ரூபாய் கல்வி நிதியை நிறுத்தி வைத்தபோது தமிழ்நாடு கொதித்தது. கொதித்தது நியாயம். அந்தக் கொதிப்பில் கால் பங்கு, சிதம்பரத்தை அடுத்த பிச்சாவரம் சதுப்புக்காட்டின் இருளர் பழங்குடிப் பிள்ளைகளுக்கு மிஞ்சியதா?

படகில் போகிற சுற்றுலாப் பயணிகள் பார்த்திருப்பார்கள்: இடுப்பளவு நீரில் இருளர் பெண்கள் சேற்றைத் தடவி இறால் பிடிப்பதை. அவர்கள் குடியிருப்பு கிள்ளைப் பக்கம். அந்த வீட்டுப் பிள்ளைக்குப் பழங்குடியினர் சான்றிதழ் இருந்தால்தான் உதவித்தொகையும் இட ஒதுக்கீடும். பட்டியல் சாதியினருக்கு வட்டாட்சியர் தரும் சான்றிதழைப் பழங்குடியினருக்குக் கோட்டாட்சியர்தான் தர வேண்டும். அவர் விசாரணைக்கு ஆவணம் கேட்பார். தாத்தாவிடம் காகிதம் இருந்ததா என்று சதுப்புக்காட்டில் இறால் தடவியவரின் பேரனைக் கேட்பதில் ஒரு குரூரம் இருக்கிறது. சான்றிதழ் இல்லாத பிள்ளை வருகைப் பதிவேட்டில் இருப்பான். நிதிக் கணக்கில் இருக்க மாட்டான். இவனுக்கென்று ஒதுக்கிய பணம் இவனைத் தேடி வராது. பத்தாவதோடு இவன் வலையைக் கையில் எடுத்தால், ‘அவங்களுக்குப் படிப்பில் நாட்டமில்லை’ என்று அலுவலகத்தில் சொல்லிவிடுவார்கள்.

சிதம்பரத்திலிருந்து பிச்சாவரம் 15 கிலோமீட்டர் தூரம். சான்றிதழுக்காக ஒரு நாள் இறாலை விட்டுவிட்டு, பேருந்துக்குக் காசு கொடுத்து அந்தத் தாய் வந்து கோட்டாட்சியர் அலுவலக வாசலில் நிற்கிறாள். ஜீப் அரசிடம் இருக்கிறது. அடுத்த கல்வியாண்டு தொடங்குமுன் அது கிள்ளைக்குப் போகட்டும்.