மரணம் மட்டும் மெய்

1894-ஆம் வருஷம் ஏப்ரல் 14-ந் தேதி நியூயார்க்கின் பிராட்வே வீதியில், ஒவ்வொருவராகக் குனிந்து பெட்டிக்குள் கண்ணைப் பதித்துப் பார்க்கவேண்டிய கினெடோஸ்கோப் யந்திரங்களுக்கென ஒரு காட்சிசாலை திறக்கப்பட்டபோது, அங்கே வைத்திருந்த பத்துப் படங்களில் ஒன்று சேவற்சண்டை. அதே ஆண்டில், நியூஜெர்ஸியில், அந்த யந்திரங்களுக்குப் படம் எடுத்துத் தந்த எடிசனின் படப்பிடிப்புக் கூடத்தில், பூனைகளுக்குக் கையுறை மாட்டிக் குத்துச்சண்டை போடவிட்டார்கள். எலிகளின்மேல் நாயை ஏவினார்கள். கூரையைத் திறந்து, சூரியனை நோக்கிக் கட்டடத்தையே திருப்பி வெளிச்சம் பெற்ற அக்கூடத்தில், இடம்பெயராத காமிராவின் முன், அரை நிமிஷத்திற்குள் முடிந்துவிடும் சுருளுக்கு ஏற்ற வேகமான சலனத்தைக் குறுகிய இடத்தில் மோதும் பிராணிகள் அளித்தன. சந்தையிலும் நாடகமேடையிலும் முன்பே நடந்துவந்த கேளிக்கைகளைக் காமிரா பதிந்துகொண்டது, அவ்வளவே என்று இவற்றுக்குச் சமாதானம் கூறலாம்.

1907-இல் டென்மார்க்கில் நிகழ்ந்ததற்கு அந்தச் சமாதானம் செல்லாது. நார்டிஸ்க் திரைப்படக் கம்பெனி அதிபர் ஓலே ஓல்சன், ஹாம்பர்க் நகரத்து மிருக வியாபாரியான ஹாகன்பெக்கிடம் இரண்டு சிங்கங்களை விலைக்கு வாங்கி, ரோஸ்கில்டே கடற்கழியிலுள்ள எல்லெயோரே என்னும் சிறு தீவில் கொண்டுவிட்டு, வேட்டைக்காரர் வேஷம் பூண்ட நடிகர்களைக் கொண்டு அவற்றைச் சுட்டுக் கொல்வித்துப் படமாக்கினார். டென்மார்க்கின் புதரை ஆப்பிரிக்கக் கானகமென்றும், நடிகனை வேட்டை வீரனென்றும் மறுபேச்சின்றி ஏற்றுக்கொண்ட ஜனங்களுக்கு, சிங்கத்தின் மரணம் மாத்திரம் மெய்யாகவே இருக்கவேண்டும் என்று தீர்மானித்தது யார்? பிராணனுள்ள ஒரு ஜீவனைப் படம் பிடிப்பதற்காகவே கொல்வது, எத்தனை ரசிகர்கள் கைதட்டினாலும், கலையின் பேரால் நடந்த கொலைதான் என்பது என் உறுதியான அபிப்பிராயம்.

இந்தப் படப்பிடிப்புக்கு டென்மார்க்கின் நீதி மந்திரி ஆல்பெர்ட்டி விதித்த தடையை ஓல்சன் பொருட்படுத்தவில்லை. சொந்த நாட்டில் திரையிட முடியாத அந்தப் படம் ஸ்வீடனில் வெளியாகி, 259 பிரதிகள் விற்றுக் கம்பெனிக்குப் பெருஞ்செல்வம் ஈட்டித் தந்தது. மறு வருஷம் மந்திரியே பதவி விலகி, பெரும் மோசடிக் குற்றத்தில் சிக்கினார், படத்தின் மீதிருந்த தடையும் நீங்கிற்று. தடை விதித்தவர் யோக்கியர் அல்லர் என்பதனால் அந்தத் தடை அநியாயமாகிவிடாது.

பிராணிகளைக் குரூரமாக வதைத்தோ வெறியேற்றியோ எடுத்த காட்சிகளுள்ள படங்களைத் திரையிடுவதையும், திரையிடக் கொடுப்பதையும் குற்றமாக்கும் சட்டம், பிரிட்டனில் 1937-இல்தான் இயற்றப்பட்டது. விற்பவனும் காட்டுபவனும் விலகிக்கொண்டால் எடுப்பவன் கை தானே ஓய்ந்துவிடும் என்று கண்ட அந்தச் சட்டத்தை, 259 பிரதிகளின் கதையை அறிந்தபின், மனமார மதிக்கிறேன்.