பிரிட்டிஷ் திரையில் நாயகி யார்? மெர்ல் ஓபரான் முதல் சிமோன் ஆஷ்லி வரை

ஈப்போவில் பிறந்த தான் ஸ்ரீ மிச்செல் யோ 2023 மார்ச்சில் சிறந்த நடிகைக்கான ஆஸ்கார் விருதை வாங்கியபோது மலேசியாவே கொண்டாடியது. அந்த நாட்களில் வெளிநாட்டுப் பத்திரிகைகள் அவரைப் பற்றி எழுதியதில் ஒரு சின்ன நெளிவு இருந்ததைச் சிலர் கவனித்திருக்கலாம். அந்தப் பிரிவில் பரிந்துரைக்கப்பட்ட 'முதல் ஆசியப் பெண்' என்று பல பத்திரிகைகள் நேராக எழுதவில்லை. 'தம்மை ஆசியர் என்று அடையாளப்படுத்திக்கொண்ட முதல் பெண்' என்று சுற்றி வளைத்துத்தான் எழுதின.

காரணம், மெர்ல் ஓபரான். 1935இல் வெளிவந்த 'தி டார்க் ஏஞ்சல்' படத்துக்காக அதே பிரிவில் பரிந்துரைக்கப்பட்டவர் அவர். பிரிட்டிஷ் சினிமா உருவாக்கிய முதல் சர்வதேச நட்சத்திர நாயகிகளில் ஒருவர். தம் உடம்பில் ஆசிய ரத்தம் ஓடுகிறது என்பதை 1979இல் இறக்கும்வரை அவர் பகிரங்கமாக ஒப்புக்கொள்ளவே இல்லை.

பிரிட்டிஷ் திரையில் ஒரு பெண் நட்சத்திரமாவதற்கு என்ன தகுதி வேண்டும் என்ற கேள்வி இப்போது மறுபடியும் எழுந்திருக்கிறது. 'பெண்ட் இட் லைக் பெக்கம்' படத்தின் இரண்டாம் பாகத்தை 2027இல் கொண்டுவரும் திட்டத்தை இயக்குநர் குரிந்தர் சத்தா 2025 ஜூலையில் அறிவித்தார். அதே ஆண்டில்தான் மெர்லின் வாழ்க்கையை மயூக் சென் எழுதிய 'லவ், குவீனி' என்ற நூலும் வந்தது. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், நடுவில் கிடக்கும் தொண்ணூறு ஆண்டுகளில் எது மாறியது, எது மாறவில்லை என்பது தெரியும்.

மெர்ல் 1911இல் பம்பாயில் பிறந்தார். வீட்டில் செல்லப் பெயர் குவீனி. அவரை வளர்த்த சார்லட், இலங்கையிலிருந்து வந்த கலப்பு வம்சாவளிப் பெண். சார்லட்தான் தாய் என்று சொல்லித்தான் மெர்லை வளர்த்தார்கள்; உண்மையில் அவர் பாட்டி. சார்லட்டின் மகள் கான்ஸ்டன்ஸ், தாமே சிறுமியாக இருந்த வயதில் பெற்ற குழந்தை மெர்ல்.

கல்கத்தாவில் வளர்ந்த பெண், 1920களின் இறுதியில் லண்டன் போய்ச் சேர்ந்தார். இரவு விடுதியில் வேலை, படங்களில் கூட்டத்தில் ஒருத்தியாக நிற்பது என்று நாட்கள் ஓடின. ஹங்கேரியிலிருந்து வந்து பிரிட்டிஷ் சினிமாவைப் பெரிய தொழிலாக மாற்றிக்கொண்டிருந்த தயாரிப்பாளர் அலெக்சாண்டர் கோர்டாவின் கண்ணில் பட்ட பிறகு எல்லாம் மாறியது. மன்னர் எட்டாம் ஹென்றியைப் பற்றி 1933இல் கோர்டா எடுத்த படத்தில் ராணி ஆன் பொலின் வேடம் கிடைத்தது. சில நிமிடங்களே வரும் வேடம். அது போதுமானதாக இருந்தது.

நட்சத்திரத்துக்கு ஒரு பிறப்புக் கதை வேண்டுமே! ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியா தீவில் பிறந்தவர் என்று ஒரு கதை கட்டப்பட்டது. லண்டனில் உள்ள யாரும் போய் விசாரித்துவிட்டு வர முடியாத தூரம். லண்டன் வீட்டில் கூடவே இருந்த சார்லட், விருந்தாளிகளுக்கு வேலைக்காரியாக அறிமுகப்படுத்தப்பட்டார். அவர் இறந்த பிறகு மெர்ல் ஓர் ஓவியரிடம் அவரது படத்தை வரையச் சொன்னார் என்றும், அதில் தோலின் நிறத்தை வெளுப்பாக்கி வரையச் சொன்னார் என்றும் அவரது வாழ்க்கையை எழுதியவர்கள் குறிப்பிடுகிறார்கள்.

இதைப் படிக்கும்போது மெர்ல் மீது கோபம் வருவது இயல்பு. ஆனால் அவர் நுழைய நினைத்த உலகத்தின் சட்டங்களையும் பார்க்க வேண்டும். 1917ஆம் ஆண்டின் அமெரிக்கக் குடிநுழைவுச் சட்டம் இந்தியர்களுக்குக் கதவை மூடியிருந்தது. வெள்ளையரும் மற்ற இனத்தவரும் காதலிப்பதைத் திரையில் காட்டக் கூடாது என்பதில் ஹாலிவுட்டின் தணிக்கை விதிகள் கறாராக இருந்தன. உண்மையைச் சொல்லியிருந்தால் வேலை மட்டுமல்ல, நாட்டுக்குள் நுழையும் அனுமதியே கேள்விக்குறியாகியிருக்கும். அதே காலத்தின் இன்னொரு பெரிய பிரிட்டிஷ் நட்சத்திரமான விவியன் லீ டார்ஜிலிங்கில் பிறந்தவர். அவருக்கு அதை மறைக்க வேண்டிய அவசியம் வரவில்லை. இந்தியாவில் பிறந்த வெள்ளைக்காரப் பெண் என்பது ஒரு சுவையான தகவல், அவ்வளவுதான்.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. எமிலி பிராண்டேயின் 'வுதரிங் ஹைட்ஸ்' நாவலைப் பெண் இயக்குநர் எமரால்டு ஃபென்னல் படமாக்குகிறார் என்றதும், கருநிறத்தவராக நாவல் வர்ணிக்கும் ஹீத்கிளிஃப் வேடத்தை வெள்ளை நடிகருக்குக் கொடுக்கலாமா என்று 2024இல் பெரிய சர்ச்சை நடந்தது. 1939ஆம் ஆண்டுப் படத்தில் நாயகி கேத்தியாக நடித்தவர் மெர்ல். ஆங்கில இலக்கியத்தின் புகழ்பெற்ற நாயகிகளில் ஒருத்தியைத் தெற்காசிய வம்சாவளிப் பெண் எப்போதோ நடித்து முடித்துவிட்டார். பார்த்தவர்களுக்கு அது தெரியாது.

மெர்லின் பொய்க்கு அன்றைய சட்டம் காரணம் என்றால், சட்டங்கள் போன பிறகு என்ன தடை? பிரிட்டனைப் பொறுத்தவரை அதற்கு ஒரு விடை, அந்த நாடு உலகுக்கு விற்கும் சரக்கிலேயே இருக்கிறது. அரண்மனை, மாளிகை, தரையைக் கூட்டும் நீண்ட கவுன், குதிரை வண்டி என்று சரித்திரக் கதைகளே பிரிட்டிஷ் படங்களின் ஏற்றுமதி முத்திரை. கேட் வின்ஸ்லெட், ஹெலனா போன்ஹம் கார்ட்டர், கீரா நைட்லி என்று அடுத்தடுத்த தலைமுறை நாயகிகள் அந்த கவுன்களில்தான் உலகத்துக்கு அறிமுகமானார்கள். அந்த உடைக்குள் பொருந்தாத நிறம் என்று கருதப்பட்டவருக்கு நட்சத்திரமாகும் பெரிய வாசல் அடைபட்டுவிடுகிறது. 'டவுண்டன் ஏபி' மாதிரியான தொடர்களில் தமக்கு இடமே இல்லாததால் பிரிட்டனில் வேலை கிடைப்பதில்லை என்று நடிகை தாண்டிவே நியூட்டன் 2017இல் வெளிப்படையாகச் சொன்னார். ஜிம்பாப்வே தாய்க்குப் பிறந்த இவரது பெயரிலிருந்த ஓர் எழுத்து, முதல் படத்தின் பெயர்ப் பட்டியலில் விடுபட்டு, முப்பது ஆண்டுகள் 'தாண்டி' ஆகவே நிலைத்துவிட்டது. 2021இல்தான் முழுப் பெயரைத் திரும்பப் பெற்றுக்கொண்டார்.

மரியான் ஜான்-பாப்டிஸ்டின் கதை இன்னும் கசப்பானது. மைக் லீயின் 'சீக்ரெட்ஸ் அண்ட் லைஸ்' (1996) படத்துக்காக ஆஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்ட முதல் கறுப்பின பிரிட்டிஷ் நடிகை இவர். மறு ஆண்டு கான் திரைப்பட விழாவின் ஐம்பதாவது ஆண்டு நிறைவுக்காக பிரிட்டனின் இளம் நடிகர் பட்டாளம் ஒன்று அழைத்துச் செல்லப்பட்டது. அதில் அவர் பெயர் இல்லை. முந்தைய ஆண்டு அதே விழாவில் உயரிய விருதான தங்கப் பனை விருதை வாங்கிய படத்தின் நாயகி அவர்! மனம் நொந்து பேசியவர், பிறகு அமெரிக்கா போய்த் தொலைக்காட்சித் தொடர்களில் காலூன்றினார். 2024இல் அதே மைக் லீயுடன் 'ஹார்ட் ட்ரூத்ஸ்' படத்தில் திரும்பி வந்தபோது, விமர்சகர் சங்கங்கள் விருதுகளைக் குவித்தன. பிரிட்டனின் பாஃப்டா விருதுக்கும் பரிந்துரை கிடைத்தது. இடையில் போன கால் நூற்றாண்டு மட்டும் போனது போனதுதான்.

இந்தப் பின்னணியில்தான் 'பெண்ட் இட் லைக் பெக்கம்' படத்தைப் பார்க்க வேண்டும். பஞ்சாபிக் குடும்பத்துப் பெண் ஜெஸ், வீட்டுக்குத் தெரியாமல் காற்பந்து ஆடுவதைச் சொன்ன 2002ஆம் ஆண்டுப் படம் அது. ஜெஸ்ஸாக நடித்தவர் பர்மிந்தர் நாக்ரா. சிறு வயதில் அவர் காலில் பட்ட தீக்காயத்தின் தழும்பைக்கூட மறைக்காமல், கதையிலேயே சேர்த்துக்கொண்டார் சத்தா. பாட்டியின் படத்தையே வெளுக்க வைத்த காலத்திலிருந்து பிரிட்டிஷ் சினிமா எவ்வளவு தூரம் வந்துவிட்டது என்று நினைக்க வைத்த இடம் அது.

படத்துக்குப் பிறகு நடந்தது வேறு. தோழியாக நடித்த கீரா நைட்லி மறு ஆண்டே 'பைரேட்ஸ் ஆஃப் தி கரீபியன்' படத்தின் நாயகியானார். 2005இல் வெளிவந்த 'பிரைட் அண்ட் பிரெஜுடிஸ்' படத்துக்காக ஆஸ்கார் பரிந்துரை பெற்றார். கதாநாயகியான நாக்ராவோ அமெரிக்க மருத்துவத் தொடர் 'ஈஆர்'இல் ஆறு ஆண்டுகள் டாக்டராக நடித்தார். நைட்லி அவரைவிடப் பத்து வயது இளையவர் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். வயது பெண்களுக்கு எதிராக வேலை செய்யும் தொழில் இது. ஆனாலும் வயது மட்டுமே இந்த இடைவெளியை விளக்கிவிடாது. ஒரு பிரிட்டிஷ் தொடரின் தலைப்பு வேடம் நாக்ராவுக்குக் கிடைத்தது 2022இல், 'டிஐ ரே' என்ற காவல்துறைத் தொடரில்தான்.

2020இல் பாஃப்டா நடிப்புப் பிரிவுகளின் இருபது பரிந்துரைகளும் வெள்ளையருக்கே போயின. மார்கோ ராபிக்கும் ஸ்கார்லெட் ஜோஹன்சனுக்கும் ஆளுக்கு இரண்டு. விமர்சனம் வலுத்ததும் அமைப்பு 120க்கும் மேற்பட்ட விதிமாற்றங்களை அறிவித்தது. அடுத்த ஆண்டுப் பட்டியல் தலைகீழாக மாறியது. விருதுப் பட்டியலை அப்படி ஓராண்டில் மாற்றிவிடலாம். யாரை நம்பிப் பணம் போடுவது என்ற தயாரிப்பாளரின் கணக்கு அவ்வளவு சீக்கிரம் மாறாது.

அந்தக் கணக்கை அசைத்தது சினிமா அல்ல, இணையத் தொடர்கள். அதிலும் அமெரிக்கப் பணம். 2022இல் வந்த 'பிரிட்ஜர்டன்' இரண்டாம் பாகத்தில், கேட் ஷெஃபீல்ட் என்று நாவலில் இருந்த நாயகி கேட் ஷர்மா ஆனார். நடித்தவர் சிமோன் ஆஷ்லி. தங்கையாக நடித்தவர் சரித்ரா சந்திரன். இருவரும் தமிழ்ப் பெற்றோரின் பிள்ளைகள். மாளிகை, கவுன், குதிரை எல்லாம் இருக்கும் கதையில் தந்தையை 'அப்பா' என்று சொல்வதைக் கேட்டுத் தமிழ் ரசிகர்கள் துள்ளினார்கள். அதே வாயால் அக்காவை 'திதி' என்றும் தங்கையை வங்காளத்தில் 'போன்' என்றும் அழைத்தபோது தலையைச் சொறிந்தார்கள். ஷர்மா என்ற குடும்பப் பெயரோடு இந்தக் கலவை எந்த ஊர்க் குடும்பம் என்று இன்றுவரை தெளிவில்லை. எழுதியவர்களுக்கு இந்தியா முழுவதும் ஒரே வீடு போலும்.

2024இல் 'ஒன் டே' தொடரில் நாயகியாக நடித்த அம்பிகா மோட் சொன்னதும் கவனிக்கத்தக்கது. காதல் கதையின் நாயகியாகத் தம்மையே கற்பனை செய்ய முடியாததால், முதலில் அந்த வாய்ப்பை மறுத்துவிட்டாராம். அதே நாவல் 2011இல் திரைப்படமானபோது அந்த ஆங்கிலேயப் பெண் வேடத்துக்கு அமெரிக்க நடிகை ஆன் ஹாத்தவே அழைத்து வரப்பட்டார்.

தொடரில் நாயகியானவர் பெரிய திரைக்கு வரும்போது என்ன ஆகிறது? சிமோன் ஆஷ்லிக்கு 2025 இரண்டு விதமான பதில் சொன்னது. 'பிக்சர் திஸ்' என்ற காதல் நகைச்சுவைப் படத்தில் அவர்தான் நாயகி. ஆனால் அது நேராக இணையத்தில் வெளியானது. பிராட் பிட் நடித்து உலகெங்கும் திரையரங்குகளை நிரப்பிய 'எஃப்1' படத்தில் அவர் வரும் காட்சிகள் படத்தொகுப்பில் ஏறக்குறைய முழுவதும் வெட்டப்பட்டு, ஒரு கணம் முகம் மட்டும் மிஞ்சியது. எல்லாப் படங்களிலும் நடப்பதுதான் என்று இயக்குநர் விளக்கம் தந்தார். அது உண்மையும்தான். 1997இல் பாண்ட் படத்தில் ஜேம்ஸ் பாண்டுக்குச் சமமாகச் சண்டை போட்ட மிச்செல் யோவும், அதன்பின் வந்தவை ஒரே அச்சில் வார்த்த ஆசிய வேடங்கள் என்பதால் இரண்டு ஆண்டுகள் படமே இல்லாமல் இருந்ததாகச் சொல்லியிருக்கிறார்.

குரிந்தர் சத்தாவின் இரண்டாம் பாகத்துக்கு இப்போது அவ்வளவு எதிர்பார்ப்பு இருப்பது இதனால்தான். 2027இல் மகளிர் உலகக் கிண்ணப் போட்டியும் நடக்கும். முதல் படம் வந்தபோது பெண்கள் காற்பந்தை பிரிட்டனில் அதிகம் பேர் சீந்தவில்லை. இன்று இங்கிலாந்து மகளிர் அணி ஐரோப்பியக் கிண்ணத்தை 2022இலும் 2025இலும் அடுத்தடுத்து வென்று நிற்கிறது. அந்த நாட்டுத் திடலில் பெண்களின் நிலை இவ்வளவு மாறிய பிறகு, ஐம்பது வயதைத் தொட்டுவிட்ட பர்மிந்தர் நாக்ராவுக்கு இந்தக் கதையில் என்ன இடம் கிடைக்கிறது என்பதைத்தான் 2002இல் அந்தப் படத்தைப் பார்த்து வளர்ந்தவர்கள் முதலில் கவனிப்பார்கள்.