காலுக்கேற்ற காலுறை

"எல்லாருக்கும் ஒரே சைஸ்தாம்மா" என்று கடைக்காரர் சொன்னால் நம்பி விடாதீர்கள், சகோதரிகளே. பந்து விளையாடும் பிள்ளைக்கும் வேகநடை போகும் வீட்டுக்காரருக்கும் சாக்ஸை அளவு பார்த்தே வாங்க வேண்டும்.

ஷூ நம்பர் வேறு, சாக்ஸ் நம்பர் வேறு. சாக்ஸில் 10, 11 என்று இருந்தால் அது பெரும்பாலும் பாதத்தின் நீளம், அங்குலக் கணக்கில். சில பாக்கெட்டுகளில் ஷூ நம்பரையே போட்டிருப்பார்கள். படித்துப் பார்த்து வாங்குங்கள். சாயங்காலம் கால் சற்று உப்பியிருக்கும். அப்போது சுவரோடு குதிகாலை ஒட்டி, காகிதத்தின் மேல் நிற்கச் சொல்லி, நீண்ட விரலின் நுனிவரை அளந்தால் ஆயிற்று. இரண்டு காலையும் அளக்கணும். பெரிய காலின் அளவுதான் கணக்கு.

போட்டுப் பார்க்கையில் குதிகால் பை குதிகாலிலேயே உட்கார வேண்டும். மேலே ஏறினால் சாக்ஸ் பெரிசு. ஷூவுக்குள் மடிந்து கொப்புளம் போடும். பாதத்தடியில் இழுபட்டால் சிறிசு. விரல்களை நெருக்கும், சீக்கிரம் ஓட்டையும் விழும். முழுப் பருத்தி முதல் சலவையில் கொஞ்சம் சுருங்கும், வியர்வையில் ஈரமாகவே கிடக்கும். ஓடியாடுகிறவர்களுக்கு நைலான் கலந்ததே மேல்.

எங்கள் வீட்டில் இவருக்குச் சர்க்கரை வியாதி. பாதத்தில் உணர்ச்சி குறைவு; கொப்புளம் வந்தாலும் "ஒண்ணும் தெரியலையே" என்பார். அதனால் கழற்றியதும் நானே பார்த்து விடுவேன். எலாஸ்டிக் ஆழமாகத் தடம் பதித்திருந்தால் அந்த ஜோடி அவருக்கு ஆகாது. நிறம் வெள்ளைதான். ரத்தமோ நீரோ கசிந்தால் உடனே தெரியுமே! துவைப்பதுதான் பெரும்பாடு.