பூட்ட வேண்டியது செல்போனையா?

கோட்டைப்பட்டினம், மீமிசல், ஜெகதாப்பட்டினம் பகுதி இளைஞர்களே! வணிகப் பெருமக்களே! உங்களிடம் ஒரு கேள்வி.

வளைகுடாவுக்குச் சென்ற நம்மவர்கள் இந்தி பழகியது பள்ளிக்கூடத்திலா? அறைத் தோழர்களோடு பேசியும் படம் பார்த்தும்தானே! அப்போது கெடாத ஒழுக்கம், ஊரிலிருக்கும் தங்கை அதே படத்தைச் செல்போனில் பார்த்தால் மட்டும் கெட்டுவிடுமா? அவள் போனைப் பறித்து அலமாரியில் பூட்டுகிறவரின் கையில் ஓடுவது என்ன படம்?

ஒரு காலத்தில் கிராமத்துப் பெண்ணுக்கு இந்திப் படம் என்றால் தூர்தர்ஷன் காட்டியதுதான். அதுவும் வீட்டு ஆண்கள் அனுமதித்தால்! 2016-இல் ஜியோ வந்து டேட்டா விலை சரிந்தது. இன்று அவளே தேடுகிறாள். கீழே ஓடும் எழுத்தைப் படித்துப் புரிந்துகொள்கிறாள். பிடிக்காவிட்டால் பாதியில் நிறுத்துகிறாள். சிலருக்கு உறுத்துவது படமல்ல, அவள் தீர்மானிப்பதுதான்!

2017-இல் வந்த 'சீக்ரெட் சூப்பர்ஸ்டார்' படத்தில், அடிக்கும் தந்தைக்குப் பயந்து, முகத்தை மறைத்துப் பாடி யூடியூபில் ஏற்றுகிறாள் ஒரு முஸ்லிம் சிறுமி. அதில் நடித்த ஸாய்ரா வசீம் 2019-இல் மார்க்கத்தைக் காரணம் காட்டித் திரைத்துறையை விட்டே விலகினார். எவரும் பூட்டி வைத்து அல்ல, அவரே எடுத்த முடிவு!

நம் மாவட்டத்துக்கு இந்தக் கூச்சல் புதிதா? 1990-களின் தொடக்கத்தில் அறிவொளி இயக்கத்தில் பல்லாயிரம் பெண்கள் சைக்கிள் பழகினார்கள். முஸ்லிம் பெண்களும்தான். தெருவில் நின்று கேலி பேசினார்கள் ஆண்கள். இன்று அரசு தரும் இலவச சைக்கிளை வேண்டாமென்று திருப்பி அனுப்பும் வீடு எது?

"அவதூறுப் படங்கள் வருகின்றனவே!" என்பீர்கள். வருகின்றன. 'தி கேரளா ஸ்டோரி'க்கு 32,000 பெண்களின் கதை என்று விளம்பரம் செய்தார்கள். எதிர்ப்பு வந்ததும் மூன்று பெண்களின் கதை என்று மாற்றினார்கள். 2023 மே மாதம் தமிழக மல்டிபிளெக்ஸ்கள் அதை நிறுத்தின. மகிழ்ந்தோம். 2024 பிப்ரவரியில் அது ஓடிடியில் வந்தது; ஏப்ரல் 5 அன்று தூர்தர்ஷனே ஒளிபரப்பியது! இனி எந்தத் தியேட்டர் வாசலில் மறியல் செய்வீர்கள்?

அந்த 32,000 எப்படி மூன்று ஆனது என்று உங்கள் தங்கையிடம் பேசினீர்களா? பேசியிருந்தால் அதே போனில் அவளே சரிபார்ப்பாள், கூடப் படிக்கும் இந்துத் தோழிக்கும் அனுப்புவாள். நம் மேடைப் பேச்சு எட்டாத வீடு அது. அலமாரிச் சாவி எங்கே, சகோதரரே?